மாந்தவியலறிஞர் தம்பையா

(எம். புதுப்பட்டியில் ஆற்றப்பெற்ற உரை)



மாந்தவியல் என்பது மாந்தரின் வழக்கங்களையும் நம்பிக்கைகளையும் உறவு முறைகளையும் அவர்களோடு உடனுறைந்து கண்டு எழுதும் கல்வி. வெள்ளையர் ஆட்சியில் அஃது ஆளுவோர்க்குரிய கல்வியாக நம் நாட்டில் கால்கொண்டது. எட்கர் தர்சுட்டன் என்பார் அளவுகருவி கொண்டு மக்களின் தலையையும் மூக்கையும் அளந்தார். தென்னாட்டுக் குலங்களைப் பற்றி 1909ஆம் ஆண்டில் ஏழு தொகுதிகள் வெளியிட்டார். பின்னர் வந்த பிரெஞ்சு அறிஞர் இலூயி தூமோன் மதுரைப் பக்கத்துப் பிரமலைக் கள்ளரிடையே தங்கி ஆய்ந்து 1957இல் தம் மொழியில் பெருநூல் எழுதினார். முன்னவர் அளந்தார், பின்னவர் உடனுறைந்தார், வேறுபாடு பெரிதே. ஆயினும் இருவரும் அயலார். எழுதப்பட்டவர் தமிழர், எழுதியவர் பிறர். தமிழ்மகன் ஒருவன் இக்கல்வியைக் கையிலெடுத்து, பிற மக்களைப் பற்றி எழுதி, உலக அறிஞர் அவையில் முன்வரிசையில் அமர்ந்தான் என்றால் அவன் வரலாற்றைத் தமிழர் அறிந்திருக்க வேண்டாவா?

அவர்தாம் இசுடான்லி செயராசா தம்பையா. 1929ஆம் ஆண்டு சனவரித் திங்களில் இலங்கையில், கிறித்தவத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். பெயரின் முதற்பகுதி ஆங்கிலம், நடுப்பகுதி வடமொழி, ஈற்றுப்பகுதி மட்டுமே தமிழ். இதனை எள்ளற்கில்லை. ஊர்ப்பெயரின் தலையில் 'எம்' என்னும் ஆங்கில எழுத்தைச் சுமந்துகொண்டிருக்கும் புதுப்பட்டியில் நின்றுகொண்டு பிறர் பெயரை எள்ளுவது எங்ஙனம் பொருந்தும்?

தம்பையா இலங்கைப் பல்கலைக்கழகத்தில் 1951இல் பட்டம் பெற்றார். அமெரிக்கக் கார்னெல் பல்கலைக்கழகத்தில் 1954இல் முனைவரானார். 1955 முதல் 1960 வரை தாய்நாட்டிலேயே குமுகாயவியல் கற்பித்தார். அதன்பின் யுனெசுகோ அமைப்பின் சார்பில் தாய்லாந்து சென்றார். கேம்பிரிட்சு, சிகாகோ, ஆர்வர்டு எனப் பெரும் பல்கலைக்கழகங்கள் அவரை அடுத்தடுத்து ஏற்றன. 1976 முதல் ஆர்வர்டில் பேராசிரியர். 1997இல் பல்சான் பரிசும், 1998இல் சப்பானியரின் புகுவோகா பரிசும் அவர்க்குக் கிடைத்தன. 2014ஆம் ஆண்டு சனவரி 19ஆம் நாள் மறைந்தார்.

இவை வெறும் வாழ்க்கைக் குறிப்புகள். அவர் கண்டுரைத்தவை எவை என்பதே நமக்கு வேண்டுவது.

வடகிழக்குத் தாய்லாந்தில் ஒரு நெல்விளையும் சிற்றூரில் அவர் தங்கினார். அவ்வூரின் புத்த வழிபாட்டையும் ஆவி வழிபாட்டையும் ஆய்ந்து 1970இல் நூல் வெளியிட்டார். அவ்வூரில் இளைஞர் மணம் முடிக்கும் முன் ஒரு மழைக்காலம், ஏறத்தாழ மூன்று திங்கள், துறவாடை உடுத்துப் புத்தப்பள்ளியில் தங்குவர். பாலிமொழி ஓதக் கற்பர். அதனால் விளையும் அறப்பயன் பெற்றோர்க்கு உரியதாகும் என்பது நம்பிக்கை. காலம் முடிந்ததும் ஆடையைக் களைந்துவிட்டு ஏர்பிடிக்கத் திரும்புவர். அவருள் எழுத்தறிவும் ஓதலறிவும் மிக்கவர் பின்னாளில் ஊர்ப்பெரியவராய் நின்று திருமணத்திலும் நோய்தீர் சடங்கிலும் ஓதுவர்.

இங்குச் சற்று நிற்றல் வேண்டும். பாலி அவ்வுழவர்க்கு அயன்மொழி. ஓதுவதன் பொருள் பெரும்பாலோர்க்கு விளங்குவதில்லை. ஆனால் அதனைக் கற்கும் வாயில் எந்த உழவன் மகனுக்கும் திறந்திருந்தது. பிறப்பு குறுக்கே நிற்கவில்லை. தமிழ்நாட்டிலோ மொழியும் அயல், வாயிலும் அடைப்பு. எக்குலத்தாரும் பூசகராகலாம் என 1970இல் சட்டமன்றம் சட்டம் செய்தது. அதன்படி பயின்ற பல குலத்தாரும் பணியமர்த்தப் பெற்றது 2021இல். இடையே ஐம்பது ஆண்டுகள்! தாய்லாந்துச் சிற்றூரில் ஒரு மழைக்காலத்தில் நடப்பது தமிழன் கோயிலில் நடக்க அரை நூற்றாண்டு வேண்டியிருந்தது.

மந்திரமொழி பற்றியும் தம்பையா தனியே ஆய்ந்தார். மாலினோவிசுக்கி நினைவுச் சொற்பொழிவாக அவர் நிகழ்த்திய 'சொற்களின் மந்திர ஆற்றல்' என்னும் உரை 1968இல் அச்சேறியது. மாலினோவிசுக்கி, தென்கடல் துரோபிரியாண்டுத் தீவினரின் தோட்ட மந்திரங்களைத் தொகுத்த முன்னோடி. அம்மந்திரங்கள் இயல்பான பேச்சினின்று விலகிய விந்தைமொழி என்ற எண்ணம் அவரிடம் இருந்தது. தம்பையா அவற்றையே மீள எடுத்துப் பார்த்து, அவற்றின் பெரும்பகுதி விளங்கும் மொழியே என்று காட்டினார். தம் தாய்மொழியில், தாம் அறிந்த செடியையும் உயிரையும் உவமையாக்கி, விளையும் தோட்டத்தைக் கருவுற்ற வயிற்றோடு ஒப்பிட்டு, அத்தீவினர் மந்திரம் சொல்லினர். எழுத்தில்லாத மக்கள் எனப்பட்டவர் தம் மொழியிலேயே தெய்வத்தையும் கிழங்கையும் விளித்தனர்!

மற்றொரு பக்கத்தையும் அவர் மறைக்கவில்லை. சிங்களரின் பேயோட்டு மந்திரங்களில் சிங்களம், தமிழ், பாலி, வடமொழி எனப் பல மொழிகள் கலந்து கிடப்பதையும், பேய்க்கு விளங்கினாற் போதும், நோயாளிக்கு விளங்க வேண்டா என்று கருதப்படுவதையும் எடுத்துரைத்தார். விளங்காத மொழியும் தன் பழைமையாலும் உரிமைப் பெருமையாலும் கேட்போர் உள்ளத்தில் வேலை செய்யும். ஆகலின் அதனைப் பொருளற்றது என்று தள்ளிவிட முடியாது என்பது அவர் முடிவு. ஆய்வாளர்க்கு அம்முடிவு போதும். தமிழ்வழிபாடு வேண்டுவோர்க்குப் போதாது. விளங்காத மொழி வேலை செய்கிறது என்றால் எவர் நலனுக்காக என்னும் கேள்வி எஞ்சி நிற்கிறது. அக்கேள்வியை அவர் அவ்வுரையில் அழுத்திக் கேட்கவில்லை. பிற்காலத்தில் வேறோர் இடத்தில், குருதி சிந்திய இடத்தில், கேட்டார்.

அதற்கு வருவோம்.

1956ஆம் ஆண்டு. புத்தர் மறைந்து ஈராயிரத்து ஐந்நூறு ஆண்டு நிறைந்த விழா ஆண்டு அது. அருளறத்தின் பெயரால் இலங்கையெங்கும் கொடி ஏறிய அதே ஆண்டில், சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி என்னும் சட்டம் வந்தது. பண்டாரநாயக்காவின் தேர்தல் வெற்றிக்குப் புத்தத் துறவியர் ஊர் ஊராய்ச் சென்று உழைத்தனர். சூன் 5ஆம் நாள் கொழும்புக் காலிமுகத் திடலில் அறவழியில் அமர்ந்த தமிழ்த் தலைவர்கள் தாக்கப்பட்டனர். தீ கிழக்கே கல்லோயாப் பள்ளத்தாக்குக் குடியேற்றத்துக்குப் பரவியது. அப்போது அங்கே குடியேறிய உழவரைப் பற்றிக் கணக்கெடுக்கத் தம் பல்கலைக்கழக மாணவர் குழுவோடு சென்றிருந்தார் இளம் விரிவுரையாளர் தம்பையா. பொத்தகத்தில் படிக்கும் முன்பே கலவரத்தைக் கண்ணெதிரே கண்டவர் அவர்.

1957இல் பண்டாரநாயக்காவும் செல்வநாயகமும் உடன்பாடு கண்டனர். 1958 ஏப்பிரலில் துறவியர் தலைமையமைச்சரின் இல்லத்தின்முன் அமர, உடன்பாடு கைவிடப்பட்டது. அடுத்த திங்களிலேயே பெருங்கலவரம். 1959 செபுதம்பரில் அதே பண்டாரநாயக்காவைத் துவராடை உடுத்த துறவி ஒருவனே சுட்டான். தாம் ஏறிவந்த தேரே தம்மேல் ஏறியது என்பதன்றி வேறென் சொல்ல?

1960இல் நாட்டைவிட்டு நீங்கிய தம்பையா, நெடுங்காலம் இலங்கையைப் பற்றி நூலெழுதாமல் தாய்லாந்துப் புத்தத்தையே ஆய்ந்துகொண்டிருந்தார். அரசும் துறவும் அங்கே பிணைந்து நின்ற வரலாற்றை 1976இல் பெருநூலாக்கினார். காட்டுத்துறவியரையும் தாயத்து நம்பிக்கையையும் பற்றிய நூல் 1984இல் வந்தது. இவற்றுக்கிடையே 1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்தது. தொண்ணூறாயிரத்துக்கு மேற்பட்ட நூல்களும் ஏடுகளும் சாம்பலாயின. 1983 சூலையில் கொழும்புத் தமிழர் வீடுகள் எரிந்தன. வெலிக்கடைச் சிறைக்குள் இரண்டு நாள்களில் ஐம்பத்து மூன்று தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். அதன்மேல் அவரால் வாளா இருக்க இயலவில்லை. இலங்கையின் உடன்பிறப்புக் கொலையையும் குடியாட்சியின் சிதைவையும் பற்றி 1986இல் எழுதினார். புத்தநெறி காட்டிக்கொடுக்கப்பட்டதா என்னும் வினாவையே தலைப்பாக்கி 1992இல் எழுதினார். 1956இல் இலங்கைப் புத்தர் பேரவையின் ஆய்வுக்குழு, வெள்ளையரும் கிறித்தவரும் புத்தத்தைக் காட்டிக்கொடுத்தனர் என்று அறிக்கை வெளியிட்டிருந்தது. அவ்வறிக்கையின் தலைப்பையே எடுத்து, ஒரு வினாக்குறியைச் சேர்த்து, காட்டிக்கொடுத்தவர் எவர் என்று திருப்பிக் கேட்டார் தம்பையா. கொல்லாமையை முதலறமாகக் கொண்ட நெறியைப் போற்றுவோர் கொலையில் இறங்கியது எவ்வாறு? நெறியின் அறம் கழற்றப்பட்டு, அஃது இனத்தின் அடையாளமாகவும் நிலவுரிமைப் பட்டயமாகவும் சுருக்கப்பட்டபோது என்பது அவர் தரும் விடை. சிங்கள அறிஞர் சிலர் சீறினர். அந்நூலுக்குக் கடும் எதிர்ப்பு எழுந்தது. எனினும் கணநாத ஒபயசேகரா போன்ற சிங்கள மாந்தவியலறிஞரும் அவ்வன்முறையைக் கண்டித்து எழுதியவரே என்பதை மறத்தல் கூடாது. நம் கண்ணகியைச் சிங்களர் பத்தினித் தெய்வமாய் வழிபடும் வரலாற்றை 1984இல் விரிவாக எழுதியவரும் அவ்வொபயசேகராவே.

மகாவமிசம் என்னும் பாலி நூலில், எல்லாளனை வென்ற துட்டகைமுனு தன் போரில் மாண்டோரை எண்ணி வருந்தியபோது, புத்தத்தை ஏற்ற ஒன்றரைப் பேரே மாந்தர், ஏனையோர் கணக்கில்லை என்று துறவியர் தேற்றியதாக ஒரு செய்தி உண்டு. இற்றை இனவெறியர் அதனைத் தம் படைக்கலமாக்கினர். தமிழரிடையே புத்தம் தழைத்ததும், மணிமேகலை பிறந்ததும், காஞ்சியில் பாலி அறிஞர் வாழ்ந்ததும், வீரசோழியம் செய்த புத்தமித்திரன் தமிழனே என்பதும் அவர்கள் நினைவிலிருந்து வழித்தெறியப்பட்டன.

இவ்விடத்தில் தமிழுணர்வாளர் சிலர்க்குக் கசக்கும் செய்தியொன்று உண்டு. சிங்கள–தமிழ்ப் பகை ஈராயிரம் ஆண்டுப் பகை என்பதைத் தம்பையா ஏற்கவில்லை. அது பெரும்பாலும் இருபதாம் நூற்றாண்டில் வேலைவாய்ப்பு, கல்வி, நிலம், வாக்கு ஆகியவற்றைச் சுற்றி வளர்க்கப்பட்ட பகை. பழங்கதை பின்னர்த் துணைக்கழைக்கப்பட்டது என்கிறார். சிங்கள அரசைக் கண்டித்த அதே நூலில் கருவியேந்திய தமிழ் இளைஞரின் செயல்களையும் அவர் மூடிமறைக்கவில்லை. ஒருநாட்டுக்குள் அதிகாரப் பகிர்வே அவர் விரும்பிய தீர்வு. அதனை ஏற்பதும் மறுப்பதும் அவரவர் உரிமை. 2009 மேத் திங்களில் முள்ளிவாய்க்காலில் நடந்ததன் பின்னர் அத்தீர்வை நம்புவது கடினமே. ஆனால் பகை பழையதன்று என்னும் கூற்று தமிழர்க்கு இழிவன்று, வலிமையே. பிறவிப்பகை என்றால் கொன்றவன் தப்பித்துக்கொள்வான், குருதியில் ஊறியது என்று கூறிவிடுவான். செய்யப்பட்ட பகை என்றால் செய்தவனைக் கேட்கலாம்.

அச்செய்கை எவ்வாறு நடக்கிறது? இதனை விளக்குவதே 1996இல் வந்த அவருடைய பெருநூல். கும்பல் வன்முறையைப் பற்றியது. இலங்கையில் 1915இல் சிங்களர்க்கும் முசுலிம்களுக்கும் நடந்த கலவரம் முதல், 1984இல் தில்லியில் சீக்கியர் கொலையுண்டது, பாக்கித்தானத்துக் கராச்சிப் பூசல்கள் வரை ஒருங்கே வைத்து ஒப்பிட்டார். கும்பல் இருவகையில் சமனாக்குகிறது என்கிறார். உள்ளே, ஏழை, செல்வன், மேல், கீழ் என்னும் வேறுபாட்டை ஒரு பொழுதுக்கு அழிக்கிறது. வெளியே, தம்மினும் உயர்ந்துவிட்டார் என்று தாம் கருதும் மக்களின் கடையையும் வீட்டையும் தரைமட்டமாக்குகிறது.

வெடித்தொழில் அறிந்தோர்க்கு இதனை மேலும் விளக்க வேண்டா. எந்த வெடியும் தானே வெடிப்பதில்லை. வெடியுப்பும் கந்தகமும் கரியும் அளவறிந்து கலக்கப்பட வேண்டும்; தாள் சுற்றப்பட வேண்டும்; திரி வைக்கப்பட வேண்டும்; வெயிலில் உலர வேண்டும். அத்துணையும் முடிந்தபின் பொறி வைப்பவன் சிறுவனாகவும் இருக்கலாம். 1983இல் கொழும்பில் கும்பலின் கையில் வாக்காளர் பட்டியல் இருந்தது. எவ்வீட்டில் தமிழர் குடியிருக்கின்றார் என்று பார்த்துப் பார்த்து எரித்தனர். பட்டியல் தெருவில் முளைக்குமா? எவரோ எடுத்துக் கொடுத்தனர். மக்கள் கொதித்தெழுந்தனர் என்று ஆட்சியாளர் கைவிரித்தது பொய் என்பதற்கு அத்தாள்களே சான்று.

இரண்டு சொற்களை அவர் ஆக்கித் தருகின்றார். தமிழில் 'உரிவு' என்றும் 'ஏற்றம்' என்றும் சொல்லிப் பார்க்கலாம். ஓரூரில் இருவர்க்கிடையே வாய்க்கால் பூசலோ கடைப்பூசலோ நடக்கிறது. அதன் இடம், ஆள், கரணியம் எல்லாம் உரிக்கப்படுகின்றன, இஃது உரிவு. எஞ்சியதைப் பெரிய இனத்தின் மானச் சிக்கலாகத் தூக்கி நிறுத்துகின்றனர்; இஃது ஏற்றம். ஊர்விட்டு ஊர் செல்லும்போது செய்தி பெருக்கிறது, புரளி கூடுகிறது. ஊர்வலம், விழா, தேர்தல் என மக்கள் கூடப் பழகிய நாள்களையே கலவரமும் தன் நாள்களாகக் கொள்கிறது. 1915ஆம் ஆண்டுக் கலவரத்தின் பின்னணியில் இருந்தது கம்பளையில் பள்ளிவாசல் அருகே இசை முழக்கிச் சென்ற ஊர்வலம் பற்றிய வழக்கே. இலங்கைவரை செல்லவும் வேண்டா.

1899ஆம் ஆண்டு சூன் 6ஆம் நாள் சிவகாசியில் நடந்ததை இவ்வட்டாரத்துப் பெரியோர் தம் பாட்டன்மார் வாயிலாகக் கேட்டிருப்பர். வணிகத்தால் உயர்ந்த நாடார் மக்கள் கோயிலுக்குள் நுழையும் உரிமை கேட்டனர். 1897இல் கமுதியில் தொடங்கிய அவ்வழக்கு 1908இல் இலண்டன் மன்றம் வரை சென்று அவர்க்கெதிராக முடிந்தது. இடையில் சுற்றூர்களிலிருந்து திரண்ட பெருங்கூட்டம் சிவகாசியைச் சூறையாடி எரித்தது. உயிர்கள் மாய்ந்தன. இராபர்ட்டு ஆர்டுகிரேவு என்னும் அமெரிக்க அரசியலறிஞர் 1969இல் இம்மக்களைப் பற்றி எழுதிய நூலில் அதனை விரித்துரைக்கின்றார். தம்பையா சிவகாசியை ஆயவில்லை. ஆயினும் அவர் சொன்ன அத்தனையும் அங்குப் பொருந்துகின்றன. பொருளால் உயர்ந்தவரைச் சடங்கால் தாழ்த்தி வைக்க முனைந்த முரண், ஒரு கோயில் வாயிலைப் பற்றிய வழக்கு வட்டாரம் முழுவதன் மானமாக ஏற்றப்பட்டமை, உயர்ந்தோரின் வீடும் கடையும் தரைமட்டமானமை: யாவும் அவையே. எரித்தவரும் தமிழர், எரிக்கப்பட்டவரும் தமிழர். சிங்களனுக்கு மகாவமிசம் என்றால் தமிழனுக்குச் சாதி. கொழும்பு எரிந்தது கண்டு கொதிக்கும் நெஞ்சம், சிவகாசி எரிந்ததற்கும், அதன் பின்னர்த் தென்மாவட்டங்களில் எரிந்த ஒவ்வொரு குடிசைக்கும் கொதிக்கவில்லையென்றால் அக்கொதிப்பு மெய்யானதா?

சாதிக்கூட்டங்களுக்குச் சுவரொட்டி அச்சிடும் பொறியும் இவ்வட்டாரத்தில்தான் ஓடுகிறது. அச்சுத் தொழிலாளியைக் குறைகூறுவதன்று இது. அவர்க்கு அது கூலி. எழுதித் தருபவன் கற்றவன். மாற்றார் சாதியின் பெயரை எவ்வளவு பெரிய எழுத்தில் போட வேண்டும் என்று அவனுக்குத் தெரிகிறது.

தம்பையா எழுதியன யாவும் ஆங்கிலத்தில். அவற்றைத் தமிழாக்கும் பொறுப்பு தமிழரைச் சேர்ந்தது. 'மாந்தவியல்' என்னும் சொல்லையே இன்னும் வாயில் வராததென ஒதுக்கும் பல்கலைக்கழகப் பேராசிரியரை எதிர்பார்த்துக் கொண்டிருப்பதில் பயனில்லை. மொழிபெயர்க்க முன்வருவோர் 1992ஆம் ஆண்டு நூலையே முதலில் எடுப்பர். சிங்களத் துறவியர்க்கு எதிரான சான்றுகள் அதில் நிறைய. அவ்வாறு தொடங்குதல் வேண்டா. அதனை மட்டும் படித்தவன் புத்தமே கொலைநெறி என்று முழங்கப் புறப்படுவான். அது தம்பையாவைக் காட்டிக்கொடுத்தலாகும். தாய்லாந்துச் சிற்றூரைப் பற்றிய 1970ஆம் ஆண்டு நூல் முதலில் வரல் வேண்டும். உழவன் மகன் ஒரு மழைக்காலம் துறவாடை உடுத்து, தன் தாய்க்கு அறப்பயன் சேர்த்துவிட்டு, மீண்டும் வயலுக்குத் திரும்பிய நெறி அதில் இருக்கிறது. அடுத்துக் கும்பல் பற்றிய நூல். அதன்பின் மற்றவை.